பேரனுக்கு வேண்டாம், அக்காவுக்குப் பார்க்கலாம்

திருப்பாதிரிப்புலியூர்,
கடலூர்.

அன்புள்ள முருகேசன்,

உன் கடிதம் கிடைத்தது. மகள் வீட்டில் எல்லோரும் நலம் என்று படித்ததும் மனசுக்கு நிம்மதியாக இருந்தது. இங்கே மழை ஓய்ந்தாலும் கெடிலத்தில் இன்னும் தண்ணீர் ஓடுகிறது. வேலைக்கு வழக்கம் போல பஸ்ஸில்தான் புதுச்சேரி போய் வருகிறேன். கன்னியக்கோயில் வரை வண்டி பறக்கும், அரியாங்குப்பம் வந்தால் ஊர ஆரம்பித்துவிடும். முட்டி வலிக்கிறது, மற்றபடி ஒரு குறையும் இல்லை.

சரி, நீ கேட்ட விஷயத்துக்கு வருகிறேன். பேரனுக்கு 'மூளை மேப்பிங்' எடுத்தால் பத்தாவதுக்கு மேல் எந்த குரூப் சேர்க்கலாம் என்று சொல்லிவிடுவார்களாம், எடுக்கட்டுமா என்று எழுதியிருந்தாய். வேண்டாம். காந்தத்தை வைத்து உடம்புக்குள் படம் எடுக்கும் எம்.ஆர்.ஐ மெஷின் பக்கத்தில் நின்று தலை நரைத்தவன் சொல்கிறேன், அந்தப் பணத்தில் அவனுக்கு நல்ல சைக்கிள் வாங்கிக் கொடு. ஏன் இவ்வளவு உறுதியாகச் சொல்கிறேன் என்பதைக் கொஞ்சம் விவரமாகவே எழுதுகிறேன்.

மூளை வேலை செய்வதைக் காட்டும் ஸ்கேன் என்று எஃப்.எம்.ஆர்.ஐ-யைச் சொல்கிறார்கள். அது காட்டுவது நினைப்பை அல்ல, ரத்தத்தை. உடம்பின் எடையில் மூளை இரண்டு சதவீதம்தான் இருக்கும். ஆனால் உடம்பு செலவழிக்கும் சக்தியில் ஐந்தில் ஒரு பங்கு அதற்கே போய்விடுகிறது. எந்த இடம் வேலை செய்கிறதோ அங்கே ரத்தம் கூடுதலாகப் பாயும். ரத்தத்தில் ஆக்சிஜனைச் சுமப்பது ஹீமோகுளோபின். ஆக்சிஜன் ஏறிய ஹீமோகுளோபினும் ஆக்சிஜனை இறக்கிவிட்ட ஹீமோகுளோபினும் காந்தத்துக்கு முன்னால் வேறு வேறு விதமாக நடந்துகொள்ளும் என்று லைனஸ் பாலிங்கும் சார்லஸ் கோரியெல்லும் 1936-லேயே கண்டுபிடித்துவிட்டார்கள். அதை வைத்து மூளையைப் பார்க்கலாம் என்று செய்ஜி ஒகாவா என்ற ஜப்பானியர் 1990-ல் காட்டினார். இரண்டு வருஷத்தில் மனிதர்களிடமே செய்து பார்த்துவிட்டார்கள். எவ்வளவு நுட்பமான வேலை தெரியுமா! நரம்பணு ஒன்று துடிப்பது ஒரு நொடியில் ஆயிரத்தில் ஒரு பங்கு நேரம். அதைத் தொடர்ந்து ரத்தம் பெருகி உச்சத்துக்கு வர ஐந்தாறு நொடி ஆகிறது. அதிலும் சிக்னலில் தெரியும் மாற்றம் ஒன்றிரண்டு சதவீதம்தான்.

இது எதற்குப் பயன்படும் என்று கேட்டால், சமீபத்தில் வந்த ஓர் அம்மாவைத்தான் சொல்வேன். விருத்தாசலம் பக்கம் முந்திரித் தோப்பில் வேலை. இடது பக்க நெற்றிக்குப் பின்னால் கட்டி. பேச்சுக்கான இடம் பெரும்பாலானவர்களுக்கு இடது பக்கம்தான் இருக்கும். கட்டியை எடுக்கப் போய்ப் பேச்சும் சேர்ந்து போய்விட்டால்? கட்டிக்கும் பேச்சுக்கும் நடுவில் எவ்வளவு இடைவெளி இருக்கிறது என்று சர்ஜனுக்குத் தெரிந்தாக வேண்டும்.

உள்ளே அனுப்புவதற்கு முன் உடம்பில் இரும்பும் உலோகமும் இருக்கக் கூடாது. ஹேர்பின், ஊக்கு எல்லாம் எடுத்தாகிவிட்டது. மெட்டி மட்டும் வரவில்லை, சோப்புத் தண்ணீர் போட்டு மெதுவாகக் கழற்றினோம். தாலிச் சங்கிலியைக் கழற்ற அந்த அம்மாவுக்கு மனசு வரவில்லை. கூட வந்த மாமியார் ஒன்றும் பேசாமல் பையிலிருந்து மஞ்சள் கயிறு ஒன்றை எடுத்து மருமகள் கழுத்தில் கட்டிவிட்டு, சங்கிலியை வாங்கித் தன் முந்தானையில் முடிந்துகொண்டார். ஊரிலிருந்து கிளம்பும்போதே யோசித்து எடுத்து வந்திருக்கிறார் பார்.

அந்த அம்மாவுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. அதனால் படம் காட்டினோம். தலைக்கு மேல் கண்ணாடி வைத்திருப்போம், படுத்தபடியே திரை தெரியும். கத்தி படம் வந்தால் அதை வைத்து என்ன செய்வோம் என்று மனசுக்குள்ளேயே சொல்ல வேண்டும், வாய் அசையக் கூடாது, தலை அசைந்தால் படம் கெட்டுவிடும். துடைப்பம், உலக்கை, ஊசி என்று முப்பது நொடி படம் வரும். அடுத்த முப்பது நொடி வெறும் கூட்டல் குறி, சும்மா இருக்க வேண்டும். இப்படி மாற்றி மாற்றி. மெஷின் போடும் சத்தத்துக்கு நடுவில் ஓர் ஆள் இதைச் சரியாகச் செய்வதே பெரிய விஷயம். அந்த அம்மா அசையாமல் செய்தார். பேச்சு வேலை நடக்கும் இடம் கட்டியின் ஓரத்திலிருந்து கொஞ்சம் தள்ளித் தெரிந்தது. அதைப் பார்த்ததும் எனக்கே மூச்சு சீராக வந்தது. இதை மட்டும் நம்பிக் கத்தி வைக்க மாட்டார்கள், ஆபரேஷன் நேரத்தில் நோயாளியை விழிக்க வைத்துப் பேசச் சொல்லி, மூளையில் லேசான மின்சாரம் கொடுத்தும் பார்ப்பார்கள். ஆனால் எந்த வழியாக உள்ளே போகலாம் என்ற திட்டம் இந்தப் படத்திலிருந்துதான் தொடங்குகிறது. முன்பெல்லாம் பேச்சு எந்தப் பக்கம் என்று அறிய, கழுத்து ரத்தக்குழாயில் மருந்து செலுத்திப் பாதி மூளையை மயங்க வைத்துத்தான் பார்ப்பார்கள். இப்போது பலருக்கு அது தேவைப்படுவதில்லை.

இங்கே கேள்வி தெளிவாக இருக்கிறது, பதிலும் கிடைக்கிறது. உன் பேரன் விஷயத்தில் கேள்வியே வேறு. அவன் டாக்டர் ஆவானா, கணக்கில் கெட்டியா என்பதற்கு மூளையில் தனி இடம் எதுவும் கிடையாது. பத்திரிகையில் வரும் சிவப்பு, மஞ்சள் நிறங்களும் மெஷின் எடுத்த போட்டோ இல்லை, கணக்குப் போட்டுப் பூசியவை. படத்தின் பல்லாயிரம் புள்ளிகளைத் தனித்தனியாகச் சோதிக்கும்போது சில புள்ளிகள் தற்செயலாகவே 'வேலை செய்வது போல' தெரியும். 2009-ல் அமெரிக்காவில் செத்த சால்மன் மீன் ஒன்றை ஸ்கேனரில் வைத்து, மனிதர்களின் படங்களை அதற்குக் 'காட்டி'னார்கள். தற்செயலாகத் தெரிவதைக் கழிக்கும்படி கணக்கைத் திருத்தாமல் பார்த்தபோது செத்த மீனின் மூளையிலும் புள்ளிகள் தெரிந்தன, திருத்தியதும் மறைந்துவிட்டன. 2020-ல் 70 ஆய்வுக் குழுக்களிடம் ஒரே ஸ்கேன் தரவைக் கொடுத்து ஒரே கேள்விகளைக் கேட்டார்கள். பல கேள்விகளுக்கு ஆளுக்கொரு முடிவு வந்தது. தேர்ந்த ஆட்களுக்கே இந்த நிலை. ஆராய்ச்சியில் பலரைச் சேர்த்துச் சராசரி எடுத்துச் சொல்வதை ஒரு பையன் தலையில் ஏற்றி அவன் எதிர்காலத்தைச் சொல்ல முடியாது.

விளம்பரத்தில் வருவது அநேகமாக எம்.ஆர்.ஐ கூட இருக்காது. தலையில் நாலைந்து கம்பி ஒட்டி மூளையின் மின் அலையை எடுப்பார்கள். ஈ.ஈ.ஜி என்கிற அது நல்ல சோதனைதான். ஹான்ஸ் பெர்கர் 1924-ல் மனித மூளையில் முதலில் பதிவு செய்தது, வலிப்பு நோய்க்கு இன்றைக்கும் அதுதான் கைகொடுக்கிறது. ஆனால் அது ஜாதகம் இல்லை. போலீஸ் விசாரணையில் 'பிரெயின் மேப்பிங்' செய்தார்கள் என்று ஒரு காலத்தில் பேப்பரில் படித்தோமே, அதுவும் இந்த அலைதான். சம்மதம் இல்லாமல் யாருக்கும் அதைச் செய்யக் கூடாது என்று 2010-ல் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொல்லிவிட்டது.

இந்தக் கருவியைக் குறைத்துப் பேசுகிறேன் என்று நினைக்காதே. 2006-ல் ஏட்ரியன் ஓவன் என்பவர் இங்கிலாந்தில் செய்ததைப் படித்த அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை. விபத்தில் அடிபட்டு, சுயநினைவே இல்லை என்று முடிவு கட்டிய இளம்பெண். ஸ்கேனருக்குள் வைத்து 'டென்னிஸ் ஆடுவது போல நினைத்துக்கொள்' என்றார்கள். உடம்பை அசைக்கத் திட்டமிடும் இடத்தில் சிக்னல் எழுந்தது. 'வீட்டில் அறை அறையாக நடப்பது போல நினை' என்றால் இடம் அறியும் பகுதிகளில் எழுந்தது. நல்ல உடம்புக்காரர்களுக்கு வந்த அதே படம். அந்தப் பெண் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டுதான் படுத்திருந்தார்! அதன் பிறகு, நினைவில்லாதவர் என்று எழுதியிருக்கும் யாரை உள்ளே வைத்தாலும், அவர் பெயரைச் சொல்லி, என்ன செய்யப் போகிறோம் என்று விளக்கிவிட்டுத்தான் தொடங்குவேன்.

அப்புறம் உன் அக்காவின் மறதி விஷயம். அடுப்பில் பால் வைத்ததை மறப்பது எல்லோருக்கும் உண்டு. ஆனால் தெரிந்த தெருவிலேயே வழி தடுமாறியதாக எழுதியிருக்கிறாய், அதைத் தள்ளிப் போடாதே. முதலில் நரம்பு டாக்டரிடம் காட்டு. தைராய்டு, வைட்டமின் பி12 குறைவினாலும் மறதி வரும், அதற்கு மருந்து இருக்கிறது. ரத்தப் பரிசோதனையும் சாதாரண எம்.ஆர்.ஐ-யும் பார்த்த பிறகும் சந்தேகம் இருந்தால் பெட் ஸ்கேன் எழுதலாம். கதிரியக்கம் ஏற்றிய குளுக்கோஸை ஊசியில் போட்டு, மூளையின் எந்தப் பகுதி அதைக் குறைவாக எடுக்கிறது என்று பார்ப்பது அது. அல்சைமர் என்ற மறதி நோயில் பக்கவாட்டிலும் பின்பக்கத்திலும் குறையும், வேறு வகை மறதி நோயில் முன்பக்கம் குறையும். வைத்தியமும் கவனிப்பும் அதற்கேற்ப மாறும். அந்த மருந்தின் வீரியம் 110 நிமிஷத்துக்கு ஒருமுறை பாதியாகும். சென்னையிலிருந்து ஈ.சி.ஆர் வழியாகப் புதுச்சேரிக்கு மூன்று மணி நேரத்தில் கொண்டு வந்தால் மூன்றில் ஒரு பங்குதான் மிஞ்சும். அதனால் சொன்ன நேரத்துக்கு அக்காவைக் கூட்டிக்கொண்டு போய்விடு. சில மணி நேரம் ஒன்றும் சாப்பிடாமல் போக வேண்டும், சர்க்கரை மாத்திரை போடுகிறவராக இருந்தால் முன்கூட்டியே சொல்லிவிடு.

ஏற்கெனவே எடுத்த ரிப்போர்ட் இருந்தால் போனில் படம் எடுத்து அனுப்பு, எங்கள் டாக்டரிடம் காட்டிக் கேட்கிறேன். மாசி மகத்துக்கு தேவனாம்பட்டினம் வருவதாகச் சொன்னாயே, அக்காவையும் அழைத்து வா. வீட்டில் கீழ் அறை காலியாகத்தான் இருக்கிறது, படி ஏற வேண்டாம்.

அன்புடன்,
செல்வராஜ்