பட்டறை முகவரிக்கு ஒரு கடிதம்

வைமாட்டே, நியூசிலாந்து
மே 17

அன்புள்ள அப்பாவுக்கு,

நலம். அங்கே எல்லோரும் நலம்தானே? வீட்டு முகவரிக்குப் போடாமல் பட்டறைக்குப் போட்டதிலேயே உங்களுக்கு விஷயம் பாதி புரிந்திருக்கும். போன ஞாயிறு வீடியோவில் என் புருவத்தில் இருந்த பிளாஸ்திரியைப் பார்த்துக் கேட்டீர்கள். மாடு உதைத்தது என்றேன். அம்மா பக்கத்தில் இருந்ததால் அப்படிச் சொல்ல வேண்டியதாகிவிட்டது. பண்ணையில் 600 மாடு கறக்கிறோம், ஒன்றுகூட இதுவரை என் முகத்தில் உதைத்ததில்லை. உதைத்தது ரைஃபிள்.

பதறாதீர்கள், முழுதாகப் படியுங்கள். இங்கே தெற்கு கேன்டர்பரியில் முயலும் வாலபியும் மேய்ச்சல் புல்லைத் தின்றே தீர்க்கின்றன. வாலபி என்றால் சின்னக் கங்காரு. 1874-இல் ஆஸ்திரேலியாவிலிருந்து கொண்டுவந்து எங்கள் ஊர் மலையில் விட்டார்களாம், இன்றைக்கு ஊருக்கே தலைவலி. மானும் அப்படித்தான், வெள்ளைக்காரர்கள் வேட்டைக்கென்று கொண்டுவந்தது. அதனால் இங்கே வேட்டை என்பது பணக்காரர் பொழுதுபோக்கு இல்லை. கறவை முடிந்ததும் மலைக்குப் போய் ஒரு மானைச் சுட்டு வந்து ஃப்ரீசரில் வைத்துவிட்டால் மூன்று மாதத்துக்குக் கறி வாங்க வேண்டாம்.

பி.ஆர்., அதாவது நிரந்தரக் குடியுரிமை அனுமதி, வந்ததும் துப்பாக்கி லைசென்சுக்குப் போட்டேன். பரீட்சை எழுதினேன். வீட்டுக்கே வந்து இரும்புப் பெட்டி சுவரில் போல்ட் போட்டு இறுக்கியிருக்கிறதா என்று ஆட்டிப் பார்த்தார்கள். என்னோடு தங்கியிருக்கும் பையனைத் தனியாக உட்காரவைத்து நான் கோபக்காரனா என்று விசாரித்தார்கள். 2019-இல் கிறைஸ்ட்சர்ச் மசூதிகளில் நடந்த படுகொலைக்குப் பிறகு சட்டம் இறுகிவிட்டது. முதல் லைசென்ஸ் 5 ஆண்டுக்குத்தான். ஒன்று சொன்னால் சிரிப்பீர்கள், துப்பாக்கிக்குச் சைலன்சர் மாட்ட இங்கே தனி அனுமதியே வேண்டாம். மோட்டார் சைக்கிளுக்கு மாட்டுவது போல எல்லோரும் மாட்டிக்கொண்டு திரிகிறார்கள்.

சரி, புருவத்துக்கு வருகிறேன்.

பழைய ஹோவா 1500 ஒன்று கிடைத்தது. ஜப்பான் தயாரிப்பு, .308 குண்டு, போல்ட் ஆக்‌ஷன். குழல் நன்றாக இருந்தது. ஸ்கோப், அதாவது துப்பாக்கி மேல் மாட்டிக் குறிபார்க்கும் தொலைநோக்கி, புதிதாக வாங்கினேன், 3 முதல் 9 மடங்கு, முன் கண்ணாடி 40 மில்லிமீட்டர், குழாய் ஒரு இஞ்ச். இந்த இரண்டிலுமே காசு தீர்ந்துவிட்டது. ஸ்கோப்பைத் துப்பாக்கியில் பிடித்து வைக்க இரண்டு வளையம் வேண்டும். வளையம்தானே, எதுவாக இருந்தால் என்ன என்று கடையில் இருந்ததிலேயே மலிவானதை வாங்கினேன். உங்கள் பிள்ளை செய்கிற வேலையா இது என்று நீங்கள் கேட்பது காதில் விழுகிறது.

முதல் ஜோடி உட்காரவே இல்லை. ரைஃபிளின் முதுகில் வளையம் உட்கார ஏற்கெனவே இரண்டு பேஸ் (அடிக்கட்டை) திருகியிருந்தது, ஒவ்வொன்றிலும் குறுக்கே காடி, அதாவது பள்ளம். வளையத்தின் குறுக்கு போல்ட் அந்தக் காடியில் விழ வேண்டும். விழவில்லை. நீங்கள் பெட்டியில் வைத்து அனுப்பிய வெர்னியரை எடுத்து அளந்தேன். காடி 4.6 மில்லிமீட்டர், போல்ட் 5.2. அப்புறம்தான் தெரிந்தது, இதில் இரண்டு ஜாதி. ஒன்று வீவர், 1930-இல் தொடங்கிய அமெரிக்கக் கம்பெனியின் பெயர், காடி 4.57 மில்லிமீட்டர். இன்னொன்று பிக்காட்டினி, ராணுவ அளவு, காடி 5.23, ஒரு காடியின் மையத்திலிருந்து அடுத்ததன் மையத்துக்கு எப்போதும் 10 மில்லிமீட்டர். வீவர் வளையம் பிக்காட்டினியில் பெரும்பாலும் உட்காரும், பிக்காட்டினி வளையம் வீவர் காடியில் இறங்காது. பார்வைக்கு இரண்டும் ஒன்றுதான். அரை மில்லிமீட்டர் சொச்சத்துக்கு அந்தக் காசு போயிற்று.

இரண்டாவது ஜோடி வீவருக்குரியது, அதுவும் மலிவு. உட்கார்ந்தது. ஆனால் உள்வட்டம் வட்டமாகவே இல்லை. வார்த்த பிறகு போரிங் ஒழுங்காகப் பிடிக்காத வேலை, விரலை உள்ளே விட்டால் மேல்பாதியும் கீழ்பாதியும் சேரும் இடத்தில் ஒரு படி தட்டுகிறது. குழாயைச் சுற்றிப் பிடிக்காமல் இரண்டு விளிம்பில் மட்டும் கடித்துக்கொண்டு நின்றது. நான் என்ன செய்தேன் தெரியுமா? உள்ளே இன்சுலேஷன் டேப் ஒரு சுற்று வைத்து, அலன் கீயைக் கைபலம் கொண்ட மட்டும் முறுக்கினேன். திட்டாதீர்கள்.

100 மீட்டரில் முதல் மூன்று குண்டு ஒரு உள்ளங்கைக்குள் விழுந்தது. அடுத்த மூன்று ஒரு சாண் தள்ளி. ஸ்கோப்பில் ஒரு கிளிக் திருப்பினால் அந்தத் தூரத்தில் 7 மில்லிமீட்டர் நகரும். நான் இருபது கிளிக் திருப்பினேன், குண்டு திரும்பவும் இடம் மாறியது. ஸ்கோப்தான் கோளாறு, இல்லாவிட்டால் என் கை கோளாறு என்று இரண்டு வாரம் மண்டையைக் குழப்பிக்கொண்டேன். கடைசியில் பண்ணை மேஸ்திரி, வயதான மனிதர், வளையத்தை ஒட்டிக் குழாயில் பேனாவால் ஒரு கோடு போட்டுக் கொடுத்து, இப்போது பத்துக் குண்டு சுடு என்றார். சுட்டேன். கோடு வளையத்தை விட்டு 2 மில்லிமீட்டர் முன்னால் போயிருந்தது. துப்பாக்கி பின்னால் உதைக்கிறது, ஸ்கோப் அங்கேயே நிற்கப் பார்க்கிறது, பிடி இல்லாவிட்டால் முன்னால் வழுக்காமல் என்ன செய்யும்?

கணக்குப் போட்டுப் பாருங்கள். இரண்டு வளையத்துக்கும் நடுவே சுமார் 10 சென்டிமீட்டர். ஒரு முனை பக்கவாட்டில் ஒரு தாள் கனம், அதாவது பத்தில் ஒரு மில்லிமீட்டர் அசைந்தால் போதும், 100 மீட்டரில் 10 சென்டிமீட்டர் தள்ளிப்போகும். நீங்கள் லேத் சக்கில் ஜாப் பிடிக்கும்போது டயல் வைத்துப் பார்ப்பதை நான் எத்தனை நாள் கிண்டல் செய்திருக்கிறேன்!

அப்போதாவது நிறுத்தியிருக்கலாம். முன்னால் போகிறதே என்று ஸ்கோப்பைத் தாராளமாகப் பின்னால் இழுத்து வைத்து இறுக்கினேன். கண்ணுக்கும் ஸ்கோப்புக்கும் ஒன்பது சென்டிமீட்டராவது இருக்க வேண்டும், எனக்கு ஆறு இருந்திருந்தால் அதிகம். அடுத்த நாள் மலைச்சரிவில் உட்கார்ந்து மேலே நின்ற மானைப் பார்த்துச் சுட்டேன். மேல்நோக்கிச் சுடும்போது முகம் இன்னும் கிட்டப் போய்விடும். மானுக்கு ஒன்றும் ஆகவில்லை. எனக்குப் புருவத்தில் பிறை போல ஒரு வெட்டு, மூன்று தையல். இந்த ஊரில் பாதிப் பேருக்கு இந்தத் தழும்பு இருக்கிறது. நர்ஸ் என்ன நடந்தது என்றுகூடக் கேட்கவில்லை, எந்தத் துப்பாக்கி என்று மட்டும் கேட்டார்.

இப்போது போட்டிருப்பது வார்ன் கம்பெனியின் எஃகு வளையம், பழசு. துப்பாக்கிக் கடையில் கழற்றிப்போட்ட சாமான் பெட்டியைக் கிளறினால் இப்படி நல்லது கிடைக்கிறது. 45 டாலர். நான் வாங்கி வீணாக்கிய இரண்டு ஜோடியையும் கூட்டினால் இதைவிட அதிகம். மேல், கீழ் என்று பிரியாமல் இடம், வலம் என இரண்டு பாதியாகப் பிரிகிறது. மரை புதிது போல இருக்கிறது, உள்வட்டத்தில் வெர்னியரைச் சுற்றிப் பார்த்தேன், எங்கும் ஒரே அளவு. அலுமினியத்திலும் நல்லது உண்டு, எடையும் குறைவு. நல்ல கம்பெனி அலுமினியம் இதே விலைக்குக் கிடைத்திருந்தால் அதையே எடுத்திருப்பேன், மலை ஏறுகிறவனுக்கு 100 கிராமும் கனம்தான்.

உயரம் நடுத்தரம். தாழ்வானதைப் போட்டால் முன் கண்ணாடி குழலில் இடிக்கும், உயரமானதைப் போட்டால் கன்னம் கட்டையில் படியாமல் தலை அந்தரத்தில் நிற்கும். குழலுக்கும் கண்ணாடிக்கும் நடுவே அஞ்சலட்டையை மடித்து விட்டுப் பார்த்தேன், தாராளமாகப் போயிற்று.

மேஸ்திரியின் டார்க் ஸ்குரூடிரைவரை, முறுக்கும் பலத்தை அளந்து காட்டுவதை, இரவல் வாங்கி நானே மாட்டினேன். எல்லாவற்றையும் ஸ்பிரிட் போட்டுத் துடைத்தேன், எண்ணெய்ப் பிசுக்கு இல்லாமல். பேஸ் ஸ்க்ரூவுக்கு மட்டும் பூட்டுப் பசை ஒரு சொட்டு, வளையத்துக்குக் கிடையாது. குறுக்கு போல்ட்டைக் காடியின் முன்சுவரில் முட்டத் தள்ளிவிட்டு இறுக்கினேன், அப்போதுதான் உதைக்கும்போது நகர இடம் இருக்காது. கண்ணை மூடித் தோளில் வைத்துத் திறந்தால் வட்டம் முழுதாகத் தெரிய வேண்டும். தெரிகிற இடத்தில் நிறுத்தினேன். கொட்டகையில் கயிற்றில் ஒரு நட்டைக் கட்டித் தொங்கவிட்டு, உள்ளே தெரியும் குறுக்குக் கோட்டை அதற்கு நேர்படுத்தினேன். ஸ்க்ரூக்களை மாற்றி மாற்றிக் கால் சுற்றாக, இரு பக்கமும் இடைவெளி சமமாக இருக்கும்படி இறுக்கினேன். முறுக்குப் பலம் 25 இஞ்ச்-பவுண்டு, அவ்வளவுதான். சாதாரண அலுமினிய வளையத்துக்கு 15 முதல் 18 போதும். நான் முன்பு முறுக்கிய முறுக்கில் ஸ்கோப் குழாயில் பள்ளம் விழுந்திருக்கிறது, தடவினால் தெரிகிறது. கடைசியாக ஸ்க்ரூத் தலைகளில் சிவப்பு நெயில் பாலிஷால் ஒரு கோடு, அசைந்தால் காட்டிக்கொடுக்க. கடையில் கல்லாவில் இருந்த பெண் என்னை ஒரு மாதிரி பார்த்தாள்.

நேற்று இருபது குண்டு. பேனாக் கோடு அசையவில்லை.

இங்கே பனிமலையில் தார் என்று ஓர் ஆடு இருக்கிறது. 1904-இல் இமயமலை இனத்தைக் கொண்டுவந்து விட்டது. கொம்பும் நடையும் நம் வரையாட்டுக்குத் தூரத்துச் சொந்தம் போலவே இருக்கிறது. இங்கே அதைச் சுடுவதற்கு ஊரே கிளம்பிப் போகிறது. மேஸ்திரி ஜூலையில் என்னையும் கூப்பிட்டிருக்கிறார். வால்பாறை போகும்போது ஒன்பதாவது கொண்டை ஊசி வளைவில் பஸ்ஸை நிறுத்தச் சொல்லி வரையாட்டை எனக்குக் காட்டினீர்களே, அது நினைவுக்கு வந்து நான் இன்னும் பதில் சொல்லவில்லை.

வெர்னியரின் தாடை லேசாக ஆடுகிறது. ஜிப் ஸ்க்ரூவை இறுக்கினால் போதுமா, இல்லை உள்ளே பட்டி தேய்ந்திருக்குமா? எழுதுங்கள். அம்மா கேட்டால், மாட்டின் பெயர் டெய்சி.

உங்கள் அன்பு மகன்