24 அசிஸ்ட்: நண்பனுக்கு ஒரு கடிதம்

அன்பு நண்பனுக்கு,

வணக்கம். உன் கடிதம் சென்ற வாரம் கிடைத்தது. முழங்கால் அறுவைக்குப் பிறகு கைப்பிடியைப் பிடிக்காமலே மாடிப்படி ஏறுகிறாய் என்று படித்ததும் மனம் நிறைந்தது. பேரனுக்குப் பந்து தட்டக் கற்றுக்கொடுக்கிறாய் என்பதில் எனக்கு வியப்பில்லை. நீ அதைச் செய்யாமல் இருந்தால்தான் வியப்பு. ஆனால், அமெரிக்கக் கூடைப்பந்து லீகான என்.பி.ஏ.வின் பிளேஆஃபில், அதாவது சாம்பியனைத் தீர்மானிக்கும் கடைசிக் கட்டத் தொடர்களில், ஒரே ஆட்டத்தில் சாதனை அளவாக 24 அசிஸ்ட் (சக ஆட்டக்காரன் கூடை போடக் கொடுக்கும் பாஸ்) கொடுத்தவர் மேஜிக் ஜான்சன் என்று மட்டும் அவனிடம் சொல்லிவிட்டு, அதே 24-ஐக் கொடுத்த ஜான் ஸ்டாக்டனை விட்டுவிட்டாயே, அதைத்தான் என்னால் பொறுத்துக்கொள்ள முடியவில்லை. தோற்ற ஆட்டத்தில் கொடுத்த பாஸ் கணக்கில் சேராது என்று காரணமும் எழுதியிருக்கிறாய். பந்தைக் கொண்டுபோய் மற்றவர்களுக்குப் பிரித்துக் கொடுக்கும் பாயிண்ட் கார்டாக ஆடிய நீ இதை எழுதலாமா?

முதலில் மேஜிக்கின் ஆட்டத்தையே எடுத்துக்கொள்வோம். 1984 மே 15 அன்று பீனிக்ஸ் சன்ஸ் அணிக்கு எதிராக மேற்கு மண்டல இறுதித் தொடரின் இரண்டாம் ஆட்டம் நடந்தது. மேஜிக்கின் லாஸ் ஏஞ்சலஸ் லேக்கர்ஸ் 118-102 என்று வென்றது. நாம் அப்போது கல்லூரி மைதானத்தில் மண் கோர்ட்டுக்குத் தண்ணீர் தெளித்துச் சுண்ணாம்புக் கோடு போட்டுக்கொண்டிருந்தோம். இப்படி ஓர் ஆட்டம் நடந்தது என்பதே பல ஆண்டுகள் கழித்துத்தான் நமக்குத் தெரிந்தது. பாயிண்ட் கார்டு என்றால் அணியிலேயே குட்டையானவன் என்று நம் மாஸ்டர் உன்னை அந்த இடத்தில் போட்டார். மேஜிக்கோ 206 சென்டிமீட்டர் உயரம். தவறிய ஷாட்டிலிருந்து திரும்பும் பந்தை, அதாவது ரீபவுண்டை, தானே பிடித்து, யாரிடமும் கொடுக்காமல் தானே தட்டிக்கொண்டு எதிர்ப்பக்கம் ஓடி, முன்னால் நிற்பவனின் தலைக்கு மேலாக முழுக் கோர்ட்டையும் பார்த்துக் கொடுப்பார். ஒரு பக்கம் ஜேம்ஸ் வொர்தி, இன்னொரு பக்கம் பைரன் ஸ்காட், பின்னால் ஆற அமர வந்து சேரும் கரீம் அப்துல் ஜபார். இப்படி மூன்று பேர் இருந்தால் பாஸ் கொடுப்பவனுக்கு வேலை பாதிதான் என்று நீ சிரிப்பாய் என்பது எனக்குத் தெரியும். அதே ஆண்டு ஏப்ரல் 5 அன்று, வில்ட் சேம்பர்லினின் வாழ்நாள் சாதனையான 31,419 புள்ளிகளைத் தாண்டி கரீம் போட்ட அந்தக் கொக்கி ஷாட்டுக்குப் பந்தைக் கொடுத்ததும் மேஜிக்தான். உலகம் நினைவில் வைத்திருப்பது கரீமின் கையை மட்டுமே.

இனி ஸ்டாக்டனுக்கு வருகிறேன். 1988 மே 17, அதே லேக்கர்ஸுக்கு எதிராக, அவர்களுடைய ஊரிலேயே, மேற்கு மண்டல அரையிறுதித் தொடரின் ஐந்தாம் ஆட்டம். ஸ்டாக்டனின் யூட்டா ஜாஸ் 111-109 என்று இரண்டே புள்ளிகளில் தோற்றது. கடைசி விநாடிகளில் லேக்கர்ஸின் மைக்கேல் கூப்பர் போட்ட ஒரு ஷாட்தான் முடிவைத் தீர்மானித்தது. ஸ்டாக்டன் 24 அசிஸ்ட் கொடுத்ததோடு தானும் 23 புள்ளிகள் எடுத்தார். ஓர் அசிஸ்டுக்கு இரண்டு புள்ளிகள் என்று வைத்தாலும் 48. அதோடு 23-ஐச் சேர்த்தால் 71. அணி எடுத்த 109-இல் குறைந்தது 71 அவருடைய விரல் நுனியைத் தொட்டுவிட்டுத்தான் வளையத்துக்குள் போயிருக்கிறது. எதிரில் நின்ற அணி நடப்புச் சாம்பியன். மறுபக்கப் பாயிண்ட் கார்டு, நான்கு ஆண்டுகளுக்கு முன் அந்தச் சாதனையை வைத்த மேஜிக்கேதான். தன் சாதனை தன் கண் முன்னாலேயே சமன் செய்யப்படுவதை அவர் அன்று பார்த்திருக்கிறார். ஸ்டாக்டனுக்கு முழுநேரமாகத் தொடக்க ஐவரில் இடம் கிடைத்ததே அந்த சீசனில்தான். அதில் அவர் கொடுத்த 1,128 அசிஸ்ட் அன்றைக்கு ஒரு சீசனின் புதிய சாதனை. ஏழு ஆட்டங்கள் நீண்ட அந்தத் தொடரில் மட்டும் 115 அசிஸ்ட். தொடரை லேக்கர்ஸ் 4-3 என்று தட்டுத் தடுமாறித்தான் வென்றது.

அந்த ஆண்டுகளின் காணொளிகளை நான் இப்போதெல்லாம் இரவில் பார்க்கிறேன். ஸ்டாக்டனின் பாஸில் பார்ப்பதற்கு ஒன்றுமே இல்லை என்றுதான் முதலில் தோன்றும். அவருடைய சக ஆட்டக்காரர் கார்ல் மலோன் வந்து, ஸ்டாக்டனைத் துரத்துபவனின் பாதையில் சுவர் போல நிற்பார். ஸ்டாக்டன் அவருடைய தோளை உரசிக்கொண்டு போவார். துரத்தியவன் மலோனில் மோதி அரை அடி பின்தங்கியதும், மலோனைக் காத்தவன் யாரைத் தடுப்பது என்று ஒரு கணம் தயங்குவான். அந்தக் கணத்தில், தட்டிக்கொண்டிருந்த பந்தை இரண்டு கையிலும் எடுக்காமல், தட்டிய அதே கையாலேயே தரையில் ஒரு குத்துக் குத்தி, இரண்டு ஆட்களின் இடுப்புக்கு நடுவே அனுப்பிவிடுவார். அப்போதுதான் திரும்பி ஓடத் தொடங்கிய மலோன் கையை நீட்டும் இடத்துக்குப் பந்து முன்னதாகவே வந்து நிற்கும். முதுகுக்குப் பின்னால் கொடுப்பது, வேறு பக்கம் பார்த்துக்கொண்டு கொடுப்பது போன்ற வித்தையெல்லாம் அவரிடம் அபூர்வம். இரண்டு கையில் எடுத்தால் எதிராளிக்குத் தெரிந்துவிடும் என்று நீ மழை ஓய்ந்த ஒரு மாலையில் எனக்குச் சொல்லிக்கொடுத்தாய், நினைவிருக்கிறதா? அதையேதான் அந்த 185 சென்டிமீட்டர் மனிதர் 19 ஆண்டுகள் செய்து, வழக்கமான சீசன் ஆட்டங்களில் மட்டும் 15,806 அசிஸ்ட் சேர்த்தார்.

தோற்ற ஆட்டத்தின் பாஸ் கணக்கில் சேராது என்றால், தோற்ற தொடரின் பாஸும் சேராது; அப்போது மேஜிக்கின் இன்னொரு சாதனையையும் நீ அழிக்க வேண்டியிருக்கும். 1984 ஜூன் 3 அன்று பாஸ்டன் செல்டிக்ஸுக்கு எதிரான இறுதித் தொடரின் மூன்றாம் ஆட்டத்தில் அவர் 21 அசிஸ்ட் கொடுத்தார். இறுதித் தொடரில் இன்றுவரை யாரும் அதைத் தாண்டவில்லை. அந்த ஆட்டத்தை லேக்கர்ஸ் 137-104 என்று ஊதித் தள்ளியது. ஆனால் தொடர் ஏழாம் ஆட்டம் வரை போய் பாஸ்டன் வென்றது. தொடர் முழுவதும் ஆட்டத்துக்குச் சராசரியாக 13.6 அசிஸ்ட் கொடுத்தவரை, நெருக்கடியான சில கணங்களில் பந்தைத் தவறவிட்டதற்காகவும் நான்காம் ஆட்டத்தில் ஃபவுலுக்குக் கிடைக்கும் ஃப்ரீ த்ரோக்களைக் கோட்டைவிட்டதற்காகவும், மேஜிக்கைத் திரித்து 'டிராஜிக்' (சோக) ஜான்சன் என்று கேலி செய்தார்கள். அந்த 21-ஐ எந்தக் கணக்கில் எழுதுவாய்?

வென்றால் மட்டும் பாஸ் கொடுத்தவனை நினைவில் வைக்கிறார்களா என்றால், அதுவும் இல்லை. 1970 மே 8, நியூயார்க்கில் நடந்த இறுதித் தொடரின் ஏழாம் ஆட்டத்தில் நிக்ஸ் 113-99 என்று லேக்கர்ஸை வீழ்த்திச் சாம்பியன் ஆனது. நிக்ஸின் வால்ட் ஃப்ரேசியர் அன்று 36 புள்ளிகள் எடுத்து 19 அசிஸ்டும் கொடுத்தார். ஏழாம் ஆட்டத்தில் இதைவிட ஒருவன் என்ன செய்துவிட முடியும்? ஆயினும் அந்த நாளுக்கு, அவருடைய சக ஆட்டக்காரர் பெயரால், வில்லிஸ் ரீட் ஆட்டம் என்றுதான் பெயர். காலில் காயத்தோடு நொண்டிக்கொண்டே வந்து முதல் இரண்டு கூடைகளைப் போட்ட ரீட், அன்று மொத்தம் எடுத்தது நான்கே புள்ளிகள். ரீடின் துணிச்சலை நான் குறைத்துச் சொல்லவில்லை. ஆனால் ஃப்ரேசியருக்காக எனக்கு இன்றும் வயிறு எரிகிறது.

மற்றவர்களைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். ஸ்டாக்டனின் ஆட்டத்துக்கு முந்தின நாள்தான் அட்லாண்டாவின் டாக் ரிவர்ஸ் பாஸ்டனுக்கு எதிராக 22 கொடுத்தார். மறுநாளே 24 வந்து அதை மூடிவிட்டது, பாவம். 2007-இல் பீனிக்ஸின் ஸ்டீவ் நாஷ் லேக்கர்ஸுக்கு எதிராக 23 வரை வந்து ஒன்று குறைவாக நின்றார். 2018-இல் நியூ ஆர்லியன்ஸ் அணிக்காக ரேஜான் ராண்டோ கோல்டன் ஸ்டேட்டுக்கு எதிராக 21 அசிஸ்ட் கொடுத்து, தான் எடுத்தது நான்கே புள்ளிகள். இந்த வரிசையில் எனக்கு மிகவும் பிடித்தது ராண்டோவின் அந்த நான்குதான்.

இப்போது நம் விஷயத்துக்கு வருகிறேன். அசிஸ்ட் என்பது நேரே கூடையில் முடிந்த பாஸ். பந்தை வாங்கியவன் ஷாட்டைத் தவறவிட்டால், எவ்வளவு அழகான பாஸாக இருந்தாலும் அதற்கு ஒன்றும் கிடையாது; வாங்கியவனை ஃபவுல் செய்து அவன் ஃப்ரீ த்ரோவில் இரண்டு புள்ளி எடுத்தாலும் என்.பி.ஏ. கணக்கில் கிடையாது, வாங்கியவன் ரொம்ப நேரம் தட்டிவிட்டு ஷாட் போட்டால் அது பாஸால் வந்த கூடையா இல்லையா என்பது ஸ்கோர் மேசையில் இருப்பவரின் கண்ணைப் பொறுத்தது. பாஸுக்குப் பேர்போன பாஸ்டனின் பாப் கூஸி ஆடிய 1950களில் இதைக் கறாராக எண்ணினார்கள் என்பார்கள். நம் மாவட்டப் போட்டிகளில் அந்தச் சிக்கலே இல்லை. ஸ்கோர் ஷீட்டில் புள்ளிக்கு இடம் உண்டு, ஃபவுலுக்கு இடம் உண்டு, அசிஸ்ட் என்று ஒரு கட்டமே கிடையாது. ஐந்து ஆண்டுகள் நீ எனக்குக் கொடுத்த பந்துகளில் ஒன்றுகூட எங்கும் எழுதப்படவில்லை.

எழுதப்பட்டிருக்க வேண்டிய ஒன்று என் நினைவில் இருக்கிறது. இறுதி ஆண்டு, மாவட்ட அரையிறுதி, நாம் ஒரு புள்ளி பின்னால். பத்து விநாடிகூட இல்லை. நீ நடுக்கோட்டுக்கு இந்தப் பக்கமிருந்தே, நான் ஓடத் தொடங்குமுன், ஒற்றைக் கையால் பந்தை விட்டாய். அது இருவர் தலைக்கு மேலே போய், என் வலது கைக்கு, நான் இரண்டாவது அடி வைக்கும் நேரத்துக்குச் சரியாக வந்தது. என்னைச் சுற்றி ஆளே இல்லை. பலகையில் அந்தச் சதுரத்தின் ஓரத்தில் மெல்லத் தட்டினால் போதும், எளிய லே-அப். நான் வேகத்தில் கொஞ்சம் அழுத்திவிட்டேன், பந்து வளையத்தைச் சுற்றி வெளியே விழுந்தது. நீ ஓடி வந்து என் முதுகில் தட்டி, 'பாஸ் கொஞ்சம் வேகமாகப் போயிடுச்சுடா' என்றாய். அது பொய் என்று அன்றே எனக்குத் தெரியும். அந்தப் பாஸ் தோற்ற ஆட்டத்தில்தான் கொடுக்கப்பட்டது. ஸ்டாக்டனை நீ பட்டியலிலிருந்து எடுப்பதை நான் ஏன் விடமாட்டேன் என்கிறேன் என்று இப்போது புரிகிறதா?

ஆட்டத்தின் வேகம் மீண்டும் ஏறியிருக்கிற இந்நாளிலும் அந்த 24 ஏன் உடையவில்லை என்று கேட்டிருந்தாய். என் ஊகத்தைச் சொல்கிறேன். இன்றைய தடுப்பாட்டத்தில், மலோன் போல ஒருவர் வந்து நின்றவுடன் தயங்காமல் ஆளை மாற்றிக்கொள்கிறார்கள். அந்த அரைக் கணத் தயக்கம் கிடைப்பதில்லை. மேலும், அன்று ஒருவன் கையில் இருந்த பந்து இன்று மூன்று, நான்கு பேர் கைகளில் சுற்றுகிறது. கூடைக்கு வழி திறந்துவிடும் முதல் பாஸை ஒருவன் கொடுக்க, கணக்கில் ஏறுகிற இரண்டாவது பாஸை இன்னொருவன் கொடுத்துவிடுகிறான். பிளேஆஃபில் மொத்தம் 2,346 அசிஸ்ட் கொடுத்த மேஜிக்குக்கு அந்தப் பங்கு போடும் கவலை இருந்ததில்லை.

ஆனால் எண்ணிக்கையைவிட என்னை அசத்திய ஒன்று 2025-இல் நடந்தது. கிழக்கு மண்டல இறுதித் தொடரின் நான்காம் ஆட்டத்தில் இண்டியானாவின் டைரீஸ் ஹாலிபர்டன், நியூயார்க்குக்கு எதிராக 32 புள்ளி, 15 அசிஸ்ட், 12 ரீபவுண்ட் எடுத்தார். ஒரு தடவைகூடப் பந்தை எதிராளியிடம் இழக்கவில்லை. பிளேஆஃபில் 30 புள்ளி, 15 அசிஸ்ட், 10 ரீபவுண்ட் என்ற கணக்கை ஒரு பந்தும் இழக்காமல் எட்டியவர் அவருக்கு முன் யாரும் இல்லை. நமக்கு அது அதிகாலை. நான் பல் துலக்காமலே பால் கணக்கு நோட்டை மடியில் வைத்துக்கொண்டு ஒவ்வொரு அசிஸ்டுக்கும் ஒரு கோடு போட்டேன். கடைசியில் என் கணக்கில் 13 தான் இருந்தது. மாலையில் மறுபடி ஓட்டிப் பார்த்தேன். ஒன்று நான் காபி வாங்க எழுந்தபோது போயிருக்கிறது, இன்னொன்றை வாங்கியவன் இரண்டு தட்டுத் தட்டிவிட்டுப் போட்டதால் நான் சேர்க்கவில்லை. நீ இருந்திருந்தால் சேர்த்திருப்பாய்.

அடுத்த பிளேஆஃபின்போது ஒரு வாரம் இங்கே வந்து தங்கு. முழங்காலுக்குச் சிரமமில்லாமல் கீழ் அறையை ஒழித்து வைக்கிறேன். காலை ஐந்தரைக்கு எழுப்புவேன். ஆளுக்கொரு நோட்டு, ஆளுக்கொரு பேனா. ஒருவர் போட்ட கோடுகளை மற்றவர் ஆட்டம் முடியும்வரை பார்க்கக்கூடாது. பேரனையும் அழைத்துவா, ஸ்டாக்டனைப் பற்றி அவனிடம் நானே சொல்லிக்கொள்கிறேன்.

என்றும் உன்,
லே-அப்பைத் தவறவிட்டவன்