அந்தப் பணமெல்லாம் எங்கே போச்சு, மிஸ்?

ஆசிரியருக்கு வணக்கம்.

சென்ற இதழின் விடுமுறை வாசிப்புப் பட்டியலில், சின்ன வயதிலேயே சினிமாவில் புகழ்பெறும் பிள்ளைகளைப் பற்றிய இளையோர் நாவல்களுக்கு அரைப் பக்கம் ஒதுக்கியிருந்தீர்கள். மகிழ்ச்சி. ஆனால், இந்த நாவல்கள் புகழின் ஆபத்தைப் பிள்ளைகளுக்கு எடுத்துச் சொல்கின்றன என்று கட்டுரையாளர் முடித்திருந்ததை என்னால் ஏற்க முடியவில்லை. ஒரு பள்ளி நூலகத்தில் இருபது வருடத்துக்கும் மேலாக உட்கார்ந்திருக்கிறேன். இந்தப் புத்தகங்கள் போவதையும் வருவதையும் தினமும் பார்க்கிறவள் என்பதால்தான் எழுதுகிறேன்.

நன்றாகப் புழங்கிய ஒரு பிரதியை மூடிவைத்து, தாள் ஓரத்தைப் பக்கவாட்டில் பாருங்கள். எங்கே விரல் அழுக்கு கறுத்துக் கிடக்கிறதோ அதுதான் பிள்ளைகள் திரும்பத் திரும்பப் படித்த இடம். இந்த வகை நாவல்களில் அது எப்போதும் ஒரே இடம்தான்: ஆடிஷனில் இயக்குநர் நிமிர்ந்து பார்த்து, 'இந்தப் பெண்தான்' என்று சொல்லும் அத்தியாயம். நாயகி திருந்தி, கண்ணீர்விட்டு, பழைய தோழியிடம் திரும்பிவரும் கடைசி அத்தியாயங்கள் அச்சகத்திலிருந்து வந்த வெள்ளையிலேயே இருக்கின்றன. எச்சரிக்கை என்று கட்டுரையாளர் சொல்வது அந்த வெள்ளைப் பக்கங்களில்தான் இருக்கிறது.

பிள்ளைகளைக் குறை சொல்ல மாட்டேன். பாதிக்கு மேல் எல்லாமே ஒரே அச்சில் வார்த்த கதை. கூட்டத்தில் யாரோ கண்டெடுக்கிறார்கள், புகழ் வருகிறது, தலைக்கனம் வருகிறது, ஒரு விருந்து, ஒரு கெட்ட சிநேகிதம், ஒரு விபத்து, அப்புறம் ஞானோதயம். நடிப்பது ஒரு வேலை என்பதே இவற்றில் தெரிவதில்லை. படப்பிடிப்புகளில் வேலை பார்த்த உறவினர் ஒருவர் எனக்குண்டு. ஒரே வசனத்தை நாலு கோணத்தில் எத்தனை முறை பேச வேண்டியிருக்கும் என்று அவர் சொல்லக் கேட்டிருக்கிறேன். க்ளோசப் எடுக்கும்போது எதிரே நடிக்கிறவர் கிளம்பிப் போயிருப்பாராம். கேமராவுக்குப் பக்கத்தில் ஒட்டிய ஒரு துண்டு டேப்பைப் பார்த்து, 'அம்மா, என்னை விட்டுப் போகாதே' என்று குழந்தை உருக வேண்டும். இதை எந்த நாவலிலும் நான் படித்ததில்லை.

போன பருவத்தில் எட்டாம் வகுப்பு மாணவி ஒருத்தி இப்படி ஒரு நாவலைத் திருப்பிக் கொடுக்க வந்தாள். கதையில் வரும் பெண் பத்து வயதிலிருந்து பதினாறு வரை ஏழு படம் நடிக்கிறாள். "மிஸ், அந்தப் பணமெல்லாம் எங்கே போச்சு?" என்று கேட்டாள். நானும் புத்தகத்தைப் புரட்டிப் பார்த்தேன். பங்களா இருக்கிறது, கார் இருக்கிறது, கணக்கு மட்டும் எங்கேயும் இல்லை. முந்நூறு பக்கம் எழுதியவருக்குத் தோன்றாத கேள்வி பதின்மூன்று வயதுக்காரிக்குத் தோன்றியிருக்கிறது.

அந்தக் கேள்விக்கு வரலாற்றில் பதில் இருக்கிறது. 1921இல் சாப்ளினுடன் 'தி கிட்' படத்தில் நடித்த ஜாக்கி கூகன்தான் ஹாலிவுட்டின் முதல் பெரிய குழந்தை நட்சத்திரம். படம் வந்தபோது அவருக்கு வயது ஆறு. சிறுவயதில் அவர் சம்பாதித்தது முப்பது, நாற்பது லட்சம் டாலர் இருக்கும் என்பார்கள். 21 வயதானதும் பார்த்தால் கையில் எதுவும் இல்லை. தாயும் மாற்றாந்தந்தையும் செலவழித்திருந்தார்கள். 1938இல் வழக்குப் போட்டார். கலிஃபோர்னியாவில் அன்றைக்கு மைனர் பிள்ளையின் சம்பாத்தியம் பெற்றோருக்கே சொந்தம். கடைசியில் அவருக்குக் கிடைத்தது ஏறக்குறைய 1,26,000 டாலர். அடுத்த ஆண்டே அவர் பெயரால் அழைக்கப்படும் சட்டம் வந்தது. அதிலும் ஓட்டை. நீதிமன்றம் ஒப்புதல் கொடுத்த ஒப்பந்தங்களுக்குத்தான் அது பொருந்தியது. சம்பாத்தியம் குழந்தையுடையதே, அதில் குறைந்தது 15 சதவீதத்தைத் தனிக் கணக்கில் போட்டே ஆக வேண்டும் என்று திருத்தம் வர 2000ஆம் ஆண்டு ஆனது. அறுபது வருடம்!

கணக்குப் புத்தகத்தை யார் படிப்பார்கள், பிள்ளைகளுக்குக் கதை வேண்டாமா என்று கேட்பீர்கள். சரி, கதையே சொல்கிறேன். 1931இல் 'ஸ்கிப்பி' படத்தில் நடித்த ஜாக்கி கூப்பர் என்ற இன்னொரு சிறுவனுக்கு, அழ வேண்டிய காட்சியில் அழுகை வரவில்லை. இயக்குநர் அவருக்கு மாமா முறை. பையனின் நாயைச் சுட்டுவிட்டதாக நம்பவைத்து அழவைத்தார்கள். ஒன்பது வயதில் அந்தப் படத்துக்காக ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டார் பையன். ஐம்பது வருடம் கழித்துத் தன்வரலாறு எழுதியபோது, 'என் நாயைச் சுடாதீர்கள்' என்பதுதான் தலைப்பு. 1930களின் ஹாலிவுட் குழந்தை நட்சத்திரம் ஷெர்லி டெம்பிளுக்குப் பால்பல் விழுந்தால் பொய்ப்பல் மாட்டிப் படமெடுத்தார்கள். குழந்தையாகவே காட்டுவதற்காக வயதில் ஒன்றைக் குறைத்துவைத்திருந்தார்கள். தனக்குப் பன்னிரண்டு நிறைகிறது என்று நினைத்திருந்த பிறந்தநாளில்தான் உண்மையில் பதின்மூன்று என்று அந்தப் பெண்ணுக்குத் தெரிந்தது. இதை விடவா பதின்பருவக் கதை வேண்டும்? தன் வயதையே பிறர் சொல்லித் தெரிந்துகொள்ளும் பிள்ளை!

இன்னொன்றும் சொல்ல வேண்டும். டெம்பிளும் சம்பாதித்ததில் பெரும்பகுதியை இழந்தவர்தான். ஆனாலும் பெற்றோரை வெறுக்கவில்லை, போதையிலும் விழவில்லை. பின்னாளில் கானாவிலும் செக்கோஸ்லோவாக்கியாவிலும் அமெரிக்கத் தூதராக இருந்தார். விழுந்து நொறுங்கினால்தான் கதை என்று நினைக்கிற நாவலாசிரியர்களுக்கு இப்படி ஒரு வாழ்க்கையை என்ன செய்வதென்றே தெரியாது போலிருக்கிறது.

எழுதத் தெரிந்தவர்களும் இருந்தார்கள். ஆங்கில எழுத்தாளர் நோயல் ஸ்ட்ரெட்ஃபீல்டின் சிறுவர் நாவல் 'பாலே ஷூஸ்' 1936இல் வந்தது. அதில் மூன்று சிறுமிகள் மேடையேறுவது வீட்டில் காசில்லாததால். ஆடிஷனுக்குப் போட நல்ல கவுன் இல்லாமல், வீட்டில் குடியிருக்கும் ஒருவரிடம் கழுத்துச் சங்கிலிகளை அடகு வைக்கிறார்கள். பன்னிரண்டு வயதானால்தான் மேடையில் நடிக்க உரிமம், சம்பளத்தில் வீட்டுக்கு எவ்வளவு, சேமிப்புக்கு எவ்வளவு என்று பேச்சு ஓடுகிறது. மூத்தவள் பாலினுக்கு 'ஆலிஸ் இன் வொண்டர்லேண்ட்' நாடகத்தில் ஆலிஸ் வேடம் கிடைத்துத் தலைக்கனம் ஏறும்போது விபத்தெல்லாம் நடப்பதில்லை. ஒரு காட்சிக்கு அவளை நிறுத்திவிட்டு மாற்று நடிகையை மேடையேற்றுகிறார்கள், அவ்வளவுதான். அந்த அத்தியாயத்தின் ஓரம் எங்கள் பிரதியில் கறுத்துத்தான் இருக்கிறது.

இன்றைய பிள்ளைகள் உண்மையைத் தேடிப் பெரியவர்களுக்கான தன்வரலாறுகளுக்குத் தாவுகிறார்கள். அமெரிக்கத் தொலைக்காட்சியில் சிறுவயதிலேயே நடித்த ஜெனெட் மெக்கர்டி 2022இல் தன் தாயைப் பற்றி எழுதியதைப் பதினைந்து வயதுக்காரர்கள் என்னிடம் கேட்கிறார்கள். நல்ல புத்தகம், ஆனால் உணவுக் கோளாறு பற்றிய பக்கங்களை அந்த வயதில் தனியாகப் படிக்கக் கொடுக்க எனக்குத் தயக்கம். நடுவில் இருக்க வேண்டிய அலமாரிதான் காலி.

அது காலியாக இருப்பது சினிமா ஆசை உள்ளவர்களுக்கு மட்டும் நஷ்டமில்லை. ஸ்டுடியோ வாசலை மிதிக்காத பிள்ளைகளும் இப்போது வீட்டுக் கூடத்தில் அப்பாவின் ஃபோனுக்கு முன்னால் மூன்றாவது டேக் நடிக்கிறார்கள். அப்படி வீடியோவில் வரும் 16 வயதுக்குட்பட்ட பிள்ளைகளுக்கு வருமானத்தில் பங்கு ஒதுக்க வேண்டும் என்று அமெரிக்காவின் இலினாய் மாநிலத்தில் 2024 ஜூலை முதல் சட்டமே இருக்கிறது. நாவல்கள்தான் இன்னும் ஆடிஷன் வாசலில் நிற்கின்றன.

ஆகவே, அடுத்த பட்டியல் போடும்போது புத்தகத்தில் சம்பளம், காத்திருப்பு, படிப்பு, ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட்டது யார் என்பதெல்லாம் வருகிறதா என்று ஒருமுறை பார்க்கச் சொல்லுங்கள்.

அந்த எட்டாம் வகுப்புப் பெண்ணுக்குக் கொடுக்கப் புத்தகம் எதுவும் அகப்படாததால் கூகனின் கதையை நானே வாயால் சொன்னேன். எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "அப்புறம் அவங்க அம்மாகூடப் பேசினாரா, மிஸ்?" என்றாள். அப்படி ஒரு நாவல் உங்கள் மதிப்புரை மேசைக்கு எப்போதாவது வந்தால் ஒரு வரி எழுதுங்கள். முன்பதிவு ஏட்டில் அவள் பெயரைக் குறித்து வைத்திருக்கிறேன்.

இப்படிக்கு,
ஒரு பள்ளி நூலகர்