விட்டுவிட்டால் சரியாகிவிடுமா?

ஆசிரியருக்கு வணக்கம்.

சண்டை என்று வந்துவிட்டால் அரசியல்வாதிகள் ஒதுங்கிக்கொண்டு எல்லாவற்றையும் தளபதிகளிடம் விட்டுவிட வேண்டும் என்று சென்ற வாரம் ஒரு வாசகர் எழுதியிருந்தார். எங்கள் ஏற்காடு ஒண்டிக்கடை டீக்கடையிலும் இதே பேச்சுதான். அரசியல்வாதிகள் தலையிட்டதால்தான் தோற்றோம் என்று எல்லோரும் காட்டும் உதாரணம் 1962 சீனப் போர். எனக்கு அந்த உதாரணத்தில்தான் சந்தேகம்.

வடகிழக்கு எல்லையில் உள்ள நாம்கா சூ ஆற்றங்கரையிலிருந்து சீனரை விரட்டச் சொன்னபோது, சாப்பாடும் தோட்டாவும் குளிருடையும் போய்ச் சேராமல் முடியாது என்று அந்தப் பகுதியின் தளபதி உம்ராவ் சிங் சொன்னார். உடனே அவரிடமிருந்து பொறுப்பை எடுத்து, புதிதாக 4ஆவது கோர் என்று ஒரு பெரிய படைப்பிரிவை உருவாக்கி, போரில் படை நடத்திய அனுபவமே இல்லாத ஜெனரல் கௌலிடம் கொடுத்தார்கள். பாதுகாப்பு அமைச்சர் கிருஷ்ண மேனனைத் திட்டுவது சரி. ஆனால் இதற்குத் தலையாட்டியவர்களில் தலைமைத் தளபதி தாப்பரும் உண்டே! அவரும் சீருடை போட்டவர்தான்.

என் அப்பா அப்போது சப்ளைப் பிரிவில் நாயக். நாம்கா சூவுக்கு அருகே மலைமேல் இருக்கும் சாங்தாரில் விமானத்திலிருந்து போடும் மூட்டைகளில் பாதி பள்ளத்துக்குள் உருண்டுவிடும், இறங்கி எடுக்கவும் முடியாது என்பார். ஏற்காடு 5,000 அடிகூட இல்லை; மார்கழியில் ஸ்வெட்டர் போடாமல் பால் வாங்கப் போக முடிவதில்லை. சாங்தார் 14,000 அடிக்கு மேல். அங்கே பையன்கள் பருத்திச் சட்டையோடு நின்றார்கள். அக்டோபர் 12 அன்று கொழும்புக்குப் புறப்பட்ட நேரு, சீனரை வெளியேற்ற உத்தரவிட்டாகிவிட்டது என்று நிருபர்களிடம் சொன்னார். 20ஆம் தேதி சீனர்கள் தாக்கினார்கள்.

1971 வங்கதேசப் போரில் என்ன நடந்தது? ஏப்ரலிலேயே கிளம்பச் சொன்ன இந்திரா காந்தியிடம், மழைக்காலம் வருகிறது, இப்போது வேண்டாம் என்று மறுத்ததாக அப்போதைய தலைமைத் தளபதி மானெக்சா பின்னாளில் சொல்லியிருக்கிறார். டிசம்பரில் என்றால் இமயக் கணவாய்களையும் பனி மூடிவிடும், சீனா பக்கம் பயமில்லை. போருக்குப் போவதா என்பதைப் பிரதமர் முடிவு செய்தார். எப்போது, எப்படி என்பதில் தளபதி பேச்சைக் கேட்டார். மறுத்தவரை யாரும் மாற்றவில்லை.

அப்புறம், எல்லாவற்றையும் தளபதியிடமே விட்டால்? கொரியப் போரைச் சீனாவுக்குள் கொண்டுபோகத் துடித்த அமெரிக்கத் தளபதி மெக்ஆர்தரை 1951 ஏப்ரலில் அதிபர் ட்ரூமன் வீட்டுக்கு அனுப்பியதை அந்த வாசகர் ஒருமுறை படித்துப் பார்க்கட்டும்.

1962 தோல்வியை ஆராய்ந்த ஹென்டர்சன் புரூக்ஸ் அறிக்கை 1963இலேயே தயாராகிவிட்டது. அரசு அதைப் பூட்டியே வைத்தது. ‘வந்துடுச்சாடா?’ என்று அப்பா கடைசிவரை பேப்பரைப் புரட்டிக்கொண்டே கேட்பார். உங்கள் இதழில் அதைப் பற்றி ஒரு கட்டுரை போடுங்களேன்.

— முன்னாள் படைவீரர் ஒருவரின் மகன்,
ஏற்காடு, சேலம் மாவட்டம்.