சனிக்கிழமை செஸ் வகுப்பு – கட்டாயம் வாசிக்கவும்

வணக்கம் பெற்றோரே,

வரும் 14ஆம் திகதி சனிக்கிழமை பின்னேரம் 3.30க்கு கல்லடி வாசிகசாலையில் வழமையான வகுப்புக்குப் பதிலாக கிராண்ட்மாஸ்டர்களின் (செஸ்ஸில் மிக உயர்ந்த பட்டம் பெற்றவர்கள்) ஆட்டங்களை பிள்ளைகளோடு சேர்ந்து பலகையில் வைத்துப் பார்க்கப் போகிறோம், நீங்களும் வந்து இருங்கள்.

முதல் ஆட்டம் 2024 டிசம்பர் 12இல் சிங்கப்பூரில் குகேஷ் உலக சாம்பியனான 14ஆவது ஆட்டம். சமநிலையில் முடியும் என்று எல்லாரும் நினைத்திருக்க, 55ஆவது நகர்வில், அதுவரை சாம்பியனாக இருந்த சீனாவின் டிங் லிரென் கோட்டையை பிழையான கட்டத்தில் வைத்தார். கோட்டைகளும் மந்திரிகளும் வெட்டுப்பட்டு 58ஆவது நகர்வோடு ஆட்டம் முடிந்தது. அப்போது குகேஷுக்கு வயது 18. களைப்பிலும் கடைசி வரை விடாமல் விளையாடுவதைப் பிள்ளைகள் கண்ணால் பார்க்க வேண்டும், அதுக்காகத்தான் இந்த ஏற்பாடு.

அப்புறம் ஆனந்த் (1988இல் இந்தியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர்), வைஷாலி ஆட்டங்கள். வைஷாலியும் தம்பி பிரக்ஞானந்தாவும்தான் உலகிலேயே கிராண்ட்மாஸ்டரான முதல் அக்கா தம்பி. பெண் பிள்ளைகளை நிறுத்தி விடாதீர்கள், தயவுசெய்து.

1. பலகை, காய்கள், கொப்பி, பென்சில் கொடுத்து விடுங்கள்.
2. நகர்வுகளை எழுதப் பழகாத பிள்ளைகள் 3 மணிக்கே வரட்டும்.
3. கிராண்ட்மாஸ்டர் பட்டம் பெற மூன்று நோர்ம் (பலமான போட்டியில் அந்தத் தரத்துக்கு விளையாடினால் கிடைக்கும் தகுதி), 2500 ரேட்டிங் (ஆட்டத் திறமையைக் காட்டும் புள்ளி) வேண்டும். அது எப்படிக் கிடைக்கிறது என்று பெற்றோருக்குத் தனியாக விளக்குவோம்.
4. தண்ணீர்ப் போத்தல்.

வருபவர்கள் பிள்ளையின் பெயரையும் வகுப்பையும் வியாழன் இரவுக்குள் இங்கேயே போடுங்கள். வர முடியாதவர்களும் சொல்லுங்கள், கதிரை ஒழுங்கு பண்ண வேண்டும்.