கை வலிக்கு முதுகில் ஊசி

மதுரை,
ஞாயிறு இரவு

அன்புள்ள செல்வி,

உன் கடிதம் வியாழக்கிழமை கிடைத்தது. சின்னவளுக்குத் தலைப்பிரசவம் நல்லபடியாக முடிந்த செய்தி வயிற்றில் பால் வார்த்தது. ஆனால் பேத்தியைக் குளிப்பாட்டக் காலை நீட்டி உட்கார முடியவில்லை, புட்டத்திலிருந்து கெண்டைக்கால் வரை சுண்டி இழுக்கிறது என்று எழுதியிருக்கிறாயே, அதைப் படித்ததிலிருந்து மனசு அங்கேயே நிற்கிறது.

என் கை விஷயத்தை உனக்கு முழுசாகச் சொல்லவில்லை. போன தீபாவளிக்கு ராத்திரி பகலாக பிளவுஸ் வெட்டினேன் அல்லவா, அதற்கப்புறம் வலது தோளின் முன்பக்கம் குடைய ஆரம்பித்தது. பின்னல் போடக் கை பின்னால் போகாது. ஓர் ஆஸ்பத்திரியில் கழுத்தை ஸ்கேன் எடுத்து, எலும்புகளுக்கு நடுவே இருக்கும் தட்டு (டிஸ்க்) பிதுங்கி நரம்பை அழுத்துகிறது என்றார்கள். மூன்று மாதம் மாத்திரை. ஒருவர்கூட என் தோளைத் தொட்டுப் பார்க்கவில்லை, செல்வி. அந்த ஆற்றாமை இன்னும் தீரவில்லை. நம் வயதில் ஸ்கேன் எடுத்தால், வலியே இல்லாதவர்கள் பலருக்கும் தட்டு பிதுங்கியிருப்பது தெரியுமாம்.

கடைசியில் எங்கள் தெருக்கோடியில் பிசியோதெரபி பார்க்கும் பெண்ணிடம் போனேன். அவள் முதுகுப் பக்கம் தோள்பட்டை எலும்பின் மேல் கட்டைவிரலால் தடவிக்கொண்டே வந்து ஓரிடத்தில் அழுத்தினாள். அழுத்தியது முதுகில், வலித்தது முன்தோளில்! அதே வலி, அதே இடம். தசைக்குள் நார் சுருங்கி முடிச்சாகிக் கிடக்கிறது, வலியை வேறெங்கோ அனுப்புகிறது என்றாள். ட்ரிகர் பாயிண்ட் என்று பெயர். 1938இலேயே கெல்கிரென் என்ற மருத்துவர் லண்டனில் ஆட்களின் தசைக்குள் உப்புநீரை ஏற்றி, வலி எங்கெல்லாம் போய்த் தெரிகிறது என்று குறித்து வைத்திருக்கிறார். அமெரிக்க ஜனாதிபதி கென்னடியின் முதுகுவலிக்கு ஜேனட் டிராவெல் என்ற பெண் மருத்துவர் இந்த முடிச்சுகளில்தான் மரப்பு மருந்து போட்டாராம். பிறகு 1979இல் பிராக் நகரத்து மருத்துவர் லெவிட், 241 பேருக்குச் செய்த வைத்தியத்தை வைத்து, மருந்தே இல்லாத வெறும் ஊசியும் சரியான புள்ளியில் பட்டால் வலி அடங்குகிறது என்று எழுதினார். அதைத்தான் ட்ரை நீடிலிங் என்கிறார்கள். அக்குபங்சர் ஊசி மாதிரியேதான் இருக்கிறது. ஆனால் நாடி பார்த்துக் குத்துவதில்லை, தசையைத் தடவிப் பார்த்துக் குத்துவது.

ஊசியைக் கையில் வாங்கிப் பார்த்தேன். நம் மெஷினில் போடும் 16ஆம் நம்பர் ஊசி ஒரு மில்லிமீட்டர் கனம். இது அதில் மூன்றில் ஒரு பங்குகூட இராது. தோலில் இறங்கியது தெரியவே இல்லை. முடிச்சில் பட்டதும் தசை தானாக ஒரு வெட்டு வெட்டியது, நூல் சிக்கினால் மெஷின் குலுங்கி நிற்குமே, அப்படி. ஒரு கணம் கண்ணில் நீர் வந்துவிட்டது. இரண்டு நாள் அடிபட்ட மாதிரி வலி. மூன்றாம் நாள் பின்னல் போட்டுக்கொண்டேன்.

வாரம் ஒன்றாக நான்கு முறை போனேன். ஊசி கொஞ்ச நாளைக்கு வலியைத் தணிக்கும், அந்த இடைவெளியில் தசையைப் பழக்கா விட்டால் முடிச்சு திரும்ப விழும் என்று கண்டிப்பாகச் சொல்லிவிட்டாள். தினமும் பயிற்சி செய்கிறேன். தரையில் குனிந்து வெட்டுவதை விட்டு மேஜை வாங்கிவிட்டேன்.

உனக்கும் இதேதான் என்று நான் சொல்ல மாட்டேன். புட்டத்தின் பக்கவாட்டில் ஆழத்தில் இருக்கும் சின்னத் தசையில் முடிச்சு விழுந்தாலும் வலி அச்சு அசலாக நரம்புவலி மாதிரியே காலில் இறங்குமாம். ஆனால் பாதம் மரத்துப்போனாலோ, செருப்பு தெரியாமலே காலிலிருந்து கழன்றாலோ, சிறுநீர் அடக்க முடியாமல் போனாலோ ஒரு நாள்கூடத் தாமதிக்காமல் டாக்டரிடம் ஓடு. அதெல்லாம் இல்லையென்றால், ஆபரேஷன் என்று யாரும் சொன்னால், சம்மதிக்கும் முன் யாராவது உன் இடுப்பைத் தொட்டுப் பார்க்கட்டும். முறையாகப் படித்தவர்களிடம் மட்டும் போ. தோள், நெஞ்சுப் பக்கம் தெரியாமல் குத்தினால் நுரையீரலில் ஓட்டை விழக்கூடும். ரத்தம் உறையாமல் இருக்க மாத்திரை சாப்பிடுகிறாய் என்றால் முதலிலேயே சொல்லிவிடு.

பிள்ளைக்கு மூன்று மாதம் ஆனதும் அண்ணனையும் கூட்டிக்கொண்டு இங்கே வாயேன். அந்தப் பெண்ணிடம் உன்னைப் பற்றிச் சொல்லி வைத்திருக்கிறேன். ஞாயிறு மட்டும் அவளுக்கு விடுமுறை.

அன்புடன்,
மல்லிகா