நிலம் பாகூர்ல, கேஸ் கடலூர்ல

ஆசிரியர் ஐயாவுக்கு வணக்கம்.

பக்கத்து மனைக்காரரோட வரப்புத் தகராறு, சுவர் தகராறுன்னு வந்தா நல்ல வக்கீல் யாருன்னு தான் எல்லாரும் விசாரிக்கிறோம், எந்த கோர்ட்டுன்னு யாரும் கேக்குறதில்ல. எங்க அப்பாவும் கேக்கல, அதுல ரெண்டு வருஷம் வீணா போச்சு.

நாங்க இருக்கறது கடலூர் மஞ்சக்குப்பம். முள்ளோடை தாண்டி, புதுச்சேரி எல்லைக்குள்ள இருக்கற பாகூர் பக்கம் ஒரு மனை இருக்கு, பக்கத்து மனைக்காரரும் கடலூர்க்காரர் தான், எங்க வீட்டுல இருந்து நாலு தெரு தள்ளி இருக்கார். அவர் காம்பவுண்டு எழுப்பும்போது எங்க பக்கம் ஒண்ணரை அடி உள்ள வந்துட்டார். அப்பா வெயில்ல நின்னு டேப் புடிச்சு அளந்து காட்டியும் ஒத்துக்கல. ஸ்டேஷன்ல போய் நின்னா இது சிவில் மேட்டர், கோர்ட்டுக்கு போங்கன்னு அனுப்பிட்டாங்க. ரெண்டு பேரும் கடலூர்ல தான இருக்கோம்னு இங்கயே, இடம் எங்களுதுன்னு டிக்ளேர் பண்ணணும், சுவரை இடிச்சு இடத்த ஒப்படைக்கணும்னு கேஸ் போட்டோம். எதிர் தரப்பு பதில் மனுவுலயே நிலம் புதுச்சேரியில இருக்கு, இந்த கோர்ட்டுல கேஸ் நிக்காதுன்னு சொல்லியிருந்தாங்க, எங்க வக்கீல் அத பெருசா எடுத்துக்கல, நாங்களும் எடுத்துக்கல. வாய்தா வாய்தாவா போய் கடைசியில, சரியான கோர்ட்டுல போட்டுக்கோங்கன்னு பிராது, அதாவது நாங்க கொடுத்த வழக்கு மனு, எங்க கைக்கே திரும்பி வந்துச்சு.

அன்னைக்கு தான் பத்திரத்த எடுத்து பாத்தேன், முதல் பக்கத்துலயே பாகூர் சப் ரிஜிஸ்ட்ரார் ஆபீஸ் சீல் இருக்கு. அத்தன நாளும் அது எங்க பீரோவுல தான் இருந்துச்சு.

1908ம் வருஷத்து சிவில் நடைமுறைச் சட்டத்துல 16வது பிரிவு இதுக்குத்தான் இருக்கு. நிலம் யாருதுங்கற வழக்கு, நிலத்த மீட்கற வழக்கு எல்லாம் நிலம் எந்த எல்லைக்குள்ள இருக்கோ அங்க தான் போடணும், ஆளு எங்க குடியிருக்காருங்கறது அதுக்கு அப்புறம். ரெண்டு ஊருக்கும் மெட்ராஸ் ஹைகோர்ட் தான் மேல இருக்குங்கறதால கீழயும் எங்க போட்டாலும் ஒண்ணு தான்னு நினைக்கறவங்க நிறைய பேர், அது அப்படி இல்ல. 15வது பிரிவுப்படி அந்த வழக்க விசாரிக்க அதிகாரம் உள்ளதுலயே கீழ் நிலை கோர்ட்டுல ஆரம்பிக்கணும், முன்சீப் கோர்ட்டா சப் கோர்ட்டாங்கறது வழக்கோட மதிப்ப பொறுத்தது. தப்பான கோர்ட்டுல நல்ல எண்ணத்தோட, அக்கறையா நடத்தின காலத்த 1963 காலவரையறைச் சட்டம் 14வது பிரிவுல, கேஸ் போடறதுக்கு இருக்கற கெடு கணக்குல இருந்து கழிச்சுக்கலாம், எங்களுக்கு அது ஒண்ணு தான் ஆறுதல். ஆனா விசாரணை முதல்ல இருந்து தான், சாட்சி சொல்ல அப்பா மறுபடி கூண்டுல ஏறணும், அவருக்கு இப்ப 71 வயசு, பஸ்ல ஏறி எறங்கவே கஷ்டப்படறார்.

பாகூர் கம்யூன்ல கடலூர்க்காரங்க நிலம் எவ்வளவோ இருக்கு, இந்த தப்பு எங்களோட நிக்காது. ரெண்டு பக்கமும் சட்ட உதவி மையம் இருக்கு, பெண்களுக்கும் எஸ்.சி., எஸ்.டி. மக்களுக்கும் வருமானம் பாக்காம இலவசம், 15100க்கு போன் பண்ணியும் கேக்கலாம். அந்த மையத்து வாசல்லயும் பத்திரம் பதியற ஆபீஸ்லயும் "நிலம் எந்த எல்லையில? வழக்கும் அந்த எல்லையில"ன்னு பெரிய எழுத்துல ஒரு போர்டு வைக்கச் சொல்லி உங்க பேப்பர்ல எழுதுங்க ஐயா.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
மஞ்சக்குப்பம், கடலூர்